பதினொரு நாள் தள்ளி விழுந்த வெயில்

அன்றைக்கு அந்த மேல்மாடி அறையில் இருந்தது சரியாக ஆறு பேர். வீட்டுக்கார டீச்சர். களுபோவிலையில் இருந்து வந்திருந்த அவவின் தங்கச்சி. ஆர்க்கிடெக்ட் சேர். சேர் கூட்டிக்கொண்டு வந்த கமராக்காரர். என் மனைவி. நான். டீச்சரின் புருஷன் சுவரில் மாலையோடு படமாக இருந்தார், அவரைக் கணக்கில் எடுக்கவில்லை. பிறகு வெள்ளவத்தை ஒழுங்கைகளில் இந்தக் கதை போனபோது இருபது பேர் நின்றதாகவும் நான் சேரின் கொலரில் கை வைத்ததாகவும் சொன்னார்கள். பொய். ஆறு பேர்தான். நான் யாரையும் தொடவில்லை.

நான் மேசன் பாஸ், சுவர் கட்டுகிற கொத்தன். கொட்டாஞ்சேனையில் இருக்கிறேன், பிறந்தது தோட்டத்தில். எட்டாம் வகுப்போடு பள்ளிக்கூடத்தை விட்டுவிட்டு, பதினைந்து வயதில் கொழும்புக்கு வந்து சாந்து குழைக்கத் தொடங்கியவன். இதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். ஏனென்றால் சேர் அதை ஆட்களுக்கு முன்னால் சொன்ன விதம் இன்னும் காதில் இருக்கிறது. நானே சொன்னால் அவ்வளவு சுடாது.

சேரைப் பற்றிச் சொல்ல வேண்டும். அவரும் கொட்டாஞ்சேனைதான். தகப்பன் துறைமுகத்தில் கிளார்க், வேதக்கார ஆட்கள், கிறிஸ்தவர்கள். இவர் ஸ்கொலர்ஷிப்பில் வெளிநாடு போய்ப் படித்துவிட்டு வந்தவர். மற்ற ஆர்க்கிடெக்ட்மார் டேப்போடு வருவார்கள், இவர் ஒரு பிளாஸ்டிக் கதிரையோடு வருவார். வெறும் காணியில் அதைப் போட்டுக் காலையில் உட்கார்ந்தால் பொழுது சாயும் வரைக்கும் எழும்ப மாட்டார். எந்த நேரத்தில் எங்கே நிழல் வருகிறது, கடல் காற்று எந்தப் பக்கத்தால் நுழைகிறது, ரெயில் போகும்போது நிலம் எவ்வளவு அதிர்கிறது, எல்லாவற்றையும் எழுதிக்கொள்வார். அதற்கு ஒரு மாதம். கீறுவதற்கு இன்னொரு மாதம். கட்டத் தொடங்கினாலும் அவசரம் கிடையாது. ஒரு மழைக்காலம் முழுக்கச் சுவரைப் பூசாமல் விடச் சொல்வார். புது மதிலுக்கு மோர் அடிக்கச் சொல்வார், பாசி பிடிக்கட்டும் என்று. இரும்புக் கேற்றுக்குப் பெயின்ட் அடிக்க விடமாட்டார். உப்புக் காற்று கடிக்கிற அளவுக்குக் கடிக்கட்டும், பிறகு எண்ணெய் பூசலாம் என்பார்.

"பாஸ், நீங்க சீமெந்தால கட்டுறீங்க. நான் நேரத்தால கட்டுறன்," என்று முதல் நாளே சொன்னார்.

எனக்கு அது விளங்கவில்லை. விளங்கியது வேறு. நேரத்தால் கட்டுகிறவர் கூலிச் சல்லியையும் நேரம் எடுத்துத்தான் தருவார் என்று விளங்கியது. அன்றைக்கே வீட்டுக்கு வந்து புலம்பினேன். என் மனைவி சொன்னாள், "உங்களுக்கு எதுக்குத்தான் பயம் வரல? பஸ் சும்மா வந்தாலே பிரேக் இருக்கான்னு பாக்குற ஆளு." உண்மைதான். நான் போட்ட ஸ்லாப்பில் ஒரு மயிர்க்கோடு விழுந்தாலும் மூன்று நாள் சோறு இறங்காது. ஆனால் இந்த ஒரு விஷயத்தில் பயந்தது சரி.

டீச்சரின் வீடு காலி வீதியில் இருந்து கடலுக்கு இறங்கும் ஒழுங்கை ஒன்றில். பழைய வீட்டை உடைத்துவிட்டு அதே இடத்தில் இரண்டு தட்டு மாடி வீடு. டீச்சரின் புருஷன் செத்து அப்போது நான்கு வருஷம். அவர் ஒவ்வொரு பின்னேரமும் கந்தோரில் வேலை முடிந்து வந்து மேற்குப் பக்க ஜன்னலடியில் வெயில் பட உட்கார்ந்திருப்பாராம். டீச்சர் இதை யோசிக்காமல் சேரிடம் சொல்லிவிட்டா. சேர் கதிரையை விட்டு எழும்பியது அன்றைக்குத்தான்.

"உங்கட ஹஸ்பண்டின்ர நினைவு நாள் எப்ப?"

"பங்குனியிலதான் திவசம் வரும்."

"அண்டைக்குப் பின்னேரம் வெயில் வந்து அவற்ற படத்தில விழும். வருஷத்தில அந்த ஒரு நாள். மற்ற நாளில தள்ளித் தள்ளிப் போகும், அண்டைக்கு அவரிட்ட வரும்."

டீச்சர் சேலைத் தலைப்பால் கண்ணைத் துடைத்தா. நான் அப்போதே யோசித்தேன், இது யார் தலையில் விடியப்போகிறது என்று.

என் தலையில்தான். மேல்மாடியில் மேற்குச் சுவரை எழுப்பாமல் விட்டு, பலகையில் நான்கு விரல் அகலத்துக்கு நீளமாக ஒரு வெட்டு வெட்டி நிறுத்தினோம். எதிர்ச் சுவரில் வெயில் விழும் இடத்தைத் தை மாதம் தொடங்கி ஒவ்வொரு நாளும் பின்னேரம் ஐந்து பத்துக்கு நான் சோக்கால் கோடு போட வேண்டும். பிந்தக் கூடாது. சாப்பாட்டை விட்டேன், என் மகளின் பெற்றோர் கூட்டத்தை விட்டேன், ஐந்து பத்தை விடவில்லை. இரண்டு மாதத்தில் சுவர் முழுக்கக் கோடு. கீழே வந்து டீச்சரைக் கண்டால், "இண்டைக்கு எங்க நிக்கிறார்?" என்று கேட்பா. வெயிலைத்தான் கேட்கிறா. "இன்னும் ரெண்டு சாண் இருக்கு டீச்சர்" என்பேன்.

திவசத்தன்று ஐயர் வந்து போன பிறகு, கடைசிக் கோட்டைப் போட்டேன். அந்தக் கோட்டில் படம் மாட்ட ஆணி அடித்தோம். பலகை நின்ற இடத்திலேயே மேற்குச் சுவரைக் கட்டி, பலகையில் இருந்த வெட்டை அப்படியே சுவரில் எடுத்தேன். ஒரு நூல் பிசகவில்லை. எனக்கு ஒரு பழக்கம், தினசரிக் கலண்டரில் கிழிக்கும் தாளின் பின்பக்கத்தில் அன்றைய வேலையை எழுதி வைப்பேன், நாளைக்கு யாராவது ஏதாவது கேட்டால் என்ன சொல்வது என்ற பயத்தில். அந்த நாளின் தாளிலும் எழுதினேன்: ஐந்து பத்து, கோடு முடிந்தது, ஆணி.

வீடு மார்கழியில் முடிந்தது. எங்கள் தொழிலில் மொத்தக் கூலியில் ஒரு பகுதியைப் பிடித்து வைப்பார்கள், ரிட்டென்ஷன் என்பது. ஒரு மழை போய், ஒழுக்கு வெடிப்பு எதுவும் இல்லை என்றால் ஆர்க்கிடெக்ட் கையெழுத்துப் போடுவார், வீட்டுக்காரர் தருவார். அதுதான் வழக்கம். சேர் அதிலும் தன் வழக்கத்தைப் புகுத்தினார். "மழை போதாது பாஸ். வெயிலும் பாஸ் பண்ணோணும். பங்குனியில படத்தில வெயில் விழுந்தா நான் சைன் பண்ணுவன்." கடதாசியிலும் அப்படியே எழுதினார். நான் கையெழுத்து வைத்தேன். கடைசி மாதம் ஆட்களுக்குச் சம்பளம் கொடுக்க மனைவியின் வளையல் நான்கையும் செட்டியார் தெருவில் அடகு வைத்திருந்தேன். மூன்று மாதம்தானே, வட்டியோடு மீட்டுவிடலாம் என்று நினைத்தேன்.

அடுத்த பங்குனித் திவசத்துக்குச் சேர் தன் சிநேகிதர்களையும் படம் எடுக்க ஒரு கமராக்காரரையும் கூட்டிக்கொண்டு வந்தார். கண்ணாடிக் கிளாஸ்களில் ஜூஸ், இங்கிலீஷ் பேச்சு. நான் கதவடியில் நின்றேன். ஐந்து பத்துக்கு வெயில் உள்ளே வந்தது. அழகாகத்தான் வந்தது, கத்தி மாதிரி நேராக. வந்து, படத்துக்கு ஒரு சாணுக்கு மேலே தள்ளி, வடக்குப் பக்க வெறும் சுவரில் விழுந்தது.

சேர் வெயில் கோட்டைப் பார்த்தார், என்னைப் பார்த்தார்.

"வாட் இஸ் திஸ், பாஸ்?"

"சேர், நான் கோட்டிலதான் வச்சேன்..."

"கோடா? சின்னப் பிள்ளை கிறுக்கின மாதிரி. எட்டாம் வகுப்பில படிப்பை விட்ட ஆளிட்ட வெயிலைக் குடுத்தது என்ர பிழை." பிறகு சிநேகிதர்கள் பக்கம் திரும்பி இங்கிலீஷில் ஏதோ சொன்னார். அவர்கள் சிரித்தார்கள். கமராக்காரரும் சிரித்தார். மொழி தெரியாவிட்டாலும் சிரிப்பு யாரைப் பார்த்து என்று தெரியும்தானே.

டீச்சர் மட்டும் சிரிக்கவில்லை. "பரவாயில்லை பாஸ். மனம் நோகாதையும்," என்றா. அதுதான் கூடுதலாக நொந்தது.

கையெழுத்து இல்லை. வீட்டுக்கு வந்து நான்கு நாள் வேலைக்குப் போகவில்லை. நானே பிழைவிட்டிருப்பேன் என்று நம்பினேன். பலகை ஆடியிருக்கும், நூல் தளர்ந்திருக்கும், என் கைக்கடிகாரம் ஐந்து நிமிஷம் ஓடியிருக்கும். பழைய கலண்டர்த் தாள்களை நிலத்தில் பரப்பி வைத்து ஒவ்வொன்றாகப் பார்த்துக்கொண்டிருந்தேன். மனைவி கூட்டுமாறோடு வந்து நின்றாள்.

"இது என்னத்த கடைவிரிச்சி வச்சிருக்கீங்க?"

"போன வருஷத் தெவசத் தாள். ஆணி அடிச்ச நாள்."

அவள் குனிந்து பார்த்தாள். "இதுல தேதி வேறயா இருக்கே? இந்த வருஷம் அந்தத் தேதி இன்னும் வரலயே."

"தெவசம்தான் முடிஞ்சிதே."

"அட நம்ம மனுசனே. தெவசம் திதியில வரும். வருஷா வருஷம் மாறாதா? எங்கப்பாவுக்கு ஒரு வருஷம் மாசக் கடைசியில வந்துச்சி, மறு வருஷம் நடுவுல வந்துச்சி. சூரியனுக்குத் திதி தெரியுமா, அமாவாசை தெரியுமா? அது தேதிக்குத்தான் வரும்."

எண்ணிப் பார்த்தேன். பதினொரு நாள் வித்தியாசம். திவசம் இந்த முறை பதினொரு நாள் முந்தி வந்துவிட்டது. வெயில் வரவேண்டிய நாளுக்கு இன்னும் ஒரு கிழமை இருந்தது.

வேதக்காரர் வீட்டில் செத்தவர்களுக்குப் பூசை ஒப்புக்கொடுப்பது தேதிக்கு. சேருக்குத் திதி என்று ஒன்று இருப்பதே நினைவில் வரவில்லை. டீச்சருக்குத் திதி மட்டும்தான் தெரியும், வெயிலின் கணக்கு தெரியாது. எனக்கு இரண்டும் தெரியும், ஆனால் பயத்தில் மூளை வேலை செய்யவில்லை. நேரத்தால் கட்டுகிறேன் என்று சொன்ன மனுஷனுக்கு ஒரு நாள் எப்போது வருகிறது என்று தெரியவில்லை.

அந்த ஒரு கிழமைக்குள் நான் சேருக்குப் போனில் ஒரு கோல் எடுத்திருக்கலாம். டீச்சரிடம் போய்ச் சொல்லியிருக்கலாம். மனைவி கேட்டாள். நான், முதலில் சரியா என்று பார்க்கிறேன் என்றேன்.

அந்தத் தேதியன்று பின்னேரம் டீச்சர் வீட்டுக்குப் போனேன். மேலே ஒழுக்கு இருக்கிறதா என்று பார்க்க வந்ததாகச் சொன்னேன். "மழையே இல்லை, ஒழுக்குக்கு என்ன அவசரம்? சரி, போய்ப் பாரும், நான் தேத்தண்ணி ஊத்துறன்," என்று குசினிக்குப் போனா. நான் மேலே ஏறினேன். ஐந்து எட்டு. ஐந்து ஒன்பது. ஐந்து பத்து.

வெயில் வந்து அவரின் முகத்தில் விழுந்தது. நெற்றியில் தொடங்கி நாடி வரைக்கும், சரியாகச் சட்டத்துக்குள். கண்ணாடிக்குப் பின்னால் அவர் கண்ணைச் சுருக்குகிற மாதிரி இருந்தது. கரையில் கந்தோர் ரெயில் போனது, சுவர் லேசாக அதிர்ந்தது. ஆறு நிமிஷம் இருக்கும். நான் கட்டியது பிசகவே இல்லை. எனக்கு அழுகை வந்தது, அதற்குப் பின்னாலேயே கோபமும் வந்தது. அந்தக் கோபம் எனக்குப் பிடித்திருந்தது என்று சொல்ல வேண்டும். வாழ்நாள் முழுக்கப் பயந்தவனுக்கு முதல் தடவையாகக் கையில் ஒரு ஆயுதம்.

"பாஸ், தேத்தண்ணி ஆறுது!" என்று கீழே இருந்து டீச்சரின் குரல்.

இறங்கிப் போனேன். தேத்தண்ணியைக் குடித்தேன். ஒழுக்கு ஒன்றும் இல்லை என்றேன். இரண்டு பிஸ்கட் தந்தா, சாப்பிட்டேன்.

திட்டம் இதுதான். அடுத்த வருஷம் இதே தேதியில் எல்லாரையும் கூப்பிடுவது. சேரின் கமராக்காரரும் இருக்க வேண்டும். வெயில் முகத்தில் விழும்போது கலண்டர்த் தாளை எடுத்து, சேர், எட்டாம் வகுப்புக்காரன் சொல்கிறேன், சூரியனுக்குத் திதி தெரியாது என்று சொல்ல வேண்டும். இந்த வசனத்தை பஸ்ஸில் சொல்லிப் பார்ப்பேன், வேலைச் சாரத்துப் பலகையில் நின்று சொல்லிப் பார்ப்பேன். ஆட்களுக்கு முன்னால் விழுந்த அடி ஆட்களுக்கு முன்னால்தான் திரும்பிப் போக வேண்டும். போனில் சொன்னால், ஓ அப்படியா என்று கையெழுத்தை வைத்துவிட்டுப் போய்விடுவார். எனக்குக் கையெழுத்து மட்டும் போதாமல் போய்விட்டது.

ஆவணியில் மனைவி திரும்பவும் சொன்னாள். "போன வெயில் திரும்பி வரும்தானே? இப்ப அதே எடத்துக்கு வருமே. இப்பவே காட்டி சல்லிய வாங்குங்க. வளையல் மூழ்கப் போகுது."

அது சரி. வெயில் வடக்கே போய்த் திரும்பி வரும்போது ஒரு நாள் அதே படத்தில் விழும். எனக்கு அது முன்பே தெரியும். "அது அவரு செத்த நாளு இல்லையே. சேர் ஒத்துக்க மாட்டாரு," என்றேன்.

"சேர் ஒத்துக்க மாட்டாரா, நீங்க ஒத்துக்க மாட்டீங்களா?"

அந்த மாதமே பக்கத்து வளவில், கடல் பக்கத்தில் இருந்த பழைய ஓட்டு வீட்டை உடைத்தார்கள். ஆறு தட்டு ஃபிளாட் வரப்போகிறது என்று அங்கே வேலை செய்த தெரிந்த பாஸ் ஒருவர் சொன்னார். கணக்குப் போட்டேன். மூன்றாம் தட்டு எழும்பினால்தான் வெயில் மறையும். அத்திவாரம் மழையில் நிற்கும், பேங்க் லோன் இழுபடும், ஆட்கள் பொங்கலுக்கு ஊருக்குப் போவார்கள், கொழும்பில் எந்தக் கட்டடம் சொன்ன நாளில் எழும்பியது? பங்குனிக்கு இரண்டு தட்டுக்கு மேலே போகாது. இன்னொன்றும் நினைத்தேன், மறைக்காமல் எழுதுகிறேன். பங்குனியில் வெயில் விழும், சேர் தலைகுனிவார், நான் சல்லியை வாங்குவேன். அதற்குப் பிறகு அந்த ஃபிளாட் எழும்பி வெயிலை மூடும், அவர் நேரத்தால் கட்டியது ஒரு வருஷத்துக்கு மேலே நிற்காது. இதை நினைக்க நினைக்க இனித்தது. அதனால் பக்கத்து வளவைப் பற்றிச் சேரிடமும் சொல்லவில்லை, டீச்சரிடமும் சொல்லவில்லை.

தையில் வளையல் ஏலத்தில் போனது. மனைவி சோற்றைப் போட்டுவிட்டு வெறுங்கையைச் சேலையில் துடைத்துக்கொண்டு போனாள்.

பங்குனியில் அந்தத் தேதிக்கு டீச்சரைக் கொண்டு சேரைக் கூப்பிட வைத்தேன், அப்படித்தான் அந்த ஆறு பேரும் சேர்ந்தோம். சேர் வர மாட்டேன் என்றிருக்கிறார். "பாஸ் வெயிலைத் திருத்திப்போட்டாராம்" என்று டீச்சர் சொன்ன பிறகு, சிரித்துக்கொண்டு வந்தார். மனைவியை நான்தான் கூட்டிப்போனேன், அவள் பார்க்க வேண்டும் என்று.

"என்ன பாஸ், சூரியனுக்கு போன் பண்ணிப்போட்டீங்களோ?" என்று கீழே வாசலில் வைத்தே கேட்டார்.

"வரும் சேர்," என்றேன். சட்டைப் பையில் கலண்டர்த் தாள்.

நான் கடைசியாக அந்த ஒழுங்கைக்குப் போய் மூன்று கிழமை. வேண்டுமென்றே போகவில்லை. போனால் பயம் பிடிக்கும் என்று தெரியும். பக்கத்து வளவில் மூன்றாவது தட்டுக்குப் பலகை அடித்து, வெளியே பச்சை வலையைச் சுற்றிக் கட்டியிருந்தார்கள். மேலே ஏறிய பிறகுதான் கண்டேன். இரவு பகலாக ஷிப்ட் போட்டு வேலை செய்திருக்கிறார்கள்.

ஐந்து பத்துக்கு எதிர்ச் சுவரில் ஒரு பச்சை மங்கல் வந்தது. பாசித் தண்ணீர் மாதிரி. எங்கே தொடங்கி எங்கே முடிகிறது என்று சொல்ல முடியாது. படத்திலும் இருந்தது, கதவிலும் இருந்தது, என் மனைவியின் முகத்திலும் இருந்தது. பிறகு அதுவும் போனது.

கமராக்காரர் கமராவை இறக்கினார். சேர், "அவ்வளவுதானா?" என்றார்.

நான் தாளை எடுத்தேன். மனப்பாடம் செய்த வசனம் வரவில்லை. திதி, தேதி, பதினொரு நாள், போன வருஷம் இதே நாளில் நான் வந்து பார்த்தது, முகத்தில் விழுந்தது, எல்லாவற்றையும் கலந்து கொட்டினேன். சேர் தாளை வாங்கி முன்னும் பின்னும் பார்த்தார். வெகுநேரம் பார்த்தார். அவரின் காது சிவந்தது. "கரெக்ட்," என்றார், மெல்லிய குரலில். "நான் யோசிக்கேல்லை."

அந்த முகத்தைப் பார்க்கத்தான் ஒரு வருஷம் காத்திருந்தேன். பார்த்தேன். இன்றைக்கும் அதை நினைத்தால் எனக்குள் ஏதோ ஒன்று நிமிர்ந்து உட்காரும்.

பிறகு அவர் தலையை நிமிர்த்தினார். "பாஸ், அப்ப ஏன் அண்டைக்கே எனக்கு ஒரு கோல் எடுக்கேல்லை?"

"நீங்க ஆட்களுக்கு முன்னால சொன்னீங்க சேர். நானும் ஆட்களுக்கு முன்னால சொல்லணும்னு இருந்தேன்."

டீச்சர் அதுவரைக்கும் படத்தடியில் நின்றா. திரும்பிப் பார்த்தா.

"போன வருஷம் ஒழுக்குப் பாக்க வந்த அண்டைக்கா?"

"ஓம் டீச்சர்."

"அவற்ற முகத்தில விழுந்ததை நீர் பாத்தனீர்?"

"ஓம்."

"எவ்வளவு நேரம் நிண்டது?"

"ஆறு நிமிசம் டீச்சர்."

"நான் கீழ உமக்குத் தேத்தண்ணி ஊத்திக்கொண்டு நிண்டனான்." அவ்வளவுதான் சொன்னா. பச்சை வலையை ஒரு தரம் பார்த்தா. பிறகு தங்கச்சியின் கையைப் பிடித்துக்கொண்டு படியிறங்கிப் போனா. தங்கச்சி போகும்போது என்னைப் பார்த்த பார்வையை நான் எழுதப் போவதில்லை.

சேர் தாளை மடித்து என் கையிலேயே வைத்தார். "கடதாசியில என்ன இருக்கு பாஸ்? வெயில் விழுந்தா சைன் பண்ணுவன். விழேல்லை. இனி விழவும் மாட்டுது." குரலில் கோபம் இல்லை. அதுதான் அவருக்கு என்மேல் இருந்த வஞ்சம் என்று நினைக்கிறேன், கோபமே இல்லாத ஒன்று. டீச்சரிடம் இரண்டு தரம் போனேன். கேற்றடியில் வைத்து, "அவர் சைன் வச்சா நான் தருவன்" என்றா. உள்ளே கூப்பிடவில்லை.

சேர் இப்போது கொச்சிக்கடைப் பக்கம் ஒரு பழைய சரக்குக் கிட்டங்கியை வீடாக மாற்றுகிறார். பஸ்ஸில் போகும்போது பார்ப்பேன், வாசலில் அதே பிளாஸ்டிக் கதிரை. சுவரில் வெடிப்பு விழுந்திருக்கிறதா என்றும் பார்ப்பேன். கூரை ஒழுகட்டும், பாசி வீட்டுக்குள்ளே வரட்டும் என்று ஒவ்வொரு மழைக்கும் நினைப்பேன். டீச்சரை நினைத்தால் மட்டும் எனக்கு எங்கே பார்ப்பது என்று தெரிவதில்லை.

ஃபிளாட் ஆறு தட்டும் எழும்பி முடிந்து, பெயின்டும் அடித்துவிட்டார்கள். என் மனைவி வளையலைப் பற்றிக் கதைப்பதில்லை, கலண்டர்த் தாளை மட்டும் கிழித்தவுடன் அடுப்பில் போட்டுவிடுகிறாள். வட்டியும் ஏலமும் என் தலையோடு போகட்டும். எனக்கு வரவேண்டிய கூலியில் இன்னும் நிற்பது மூன்று லட்சத்து எண்பத்தையாயிரம் ரூபா.